விரல் வைத்த பக்கம்

முழங்காலுக்கு எண்ணெய் பூசிக்கொண்டே எதையாவது வாசித்துக்கொண்டிருக்கும் என் வயதுக்காரிகளே, உங்களில் யாராவது அண்மையில் கல்முனையில் ஒரு புத்தகக் கடைக்குள் போய்ப் பார்த்தீர்களா? நான் போனேன். பேரனுக்குக் கொப்பி வாங்கப் போனவள் ஒரு தட்டின் முன்னால் அப்படியே நின்றுவிட்டேன். பிரபஞ்சம் எப்படித் தொடங்கியது, காலம் என்றால் என்ன, கருந்துளைக்குள் விழுந்தால் என்ன ஆகும் என்று எல்லாவற்றையும் நம்மைப் போன்ற சாதாரண ஆட்களுக்கும் விளங்கும்படி எழுதி, வழுவழுப்பான அட்டை போட்டு அடுக்கியிருந்தார்கள். ஒன்றை எடுத்து நீட்டினேன்.

“ஆருக்கு உம்மா?” என்று கடைக்காரப் பொடியன் கேட்டான்.

“எனக்குத்தான் மனே.”

அவன் நம்பவில்லை. கொப்பியோடு சேர்த்துப் பையில் போட்டுவிட்டு, “பேரன் நல்லாப் படிக்கட்டும்” என்று துஆச் செய்தான்.

வீட்டுக்கு வந்து நான் முதலில் தேடியது கருந்துளையை அல்ல, வால்வெள்ளியை. ஏன் என்று சொல்வதற்கு நான் குர்ஆன் பள்ளிக்கு ஓதப் போய்க்கொண்டிருந்த வயதில் வந்த ஒரு கச்சான் காலத்துக்கு உங்களைக் கூட்டிக்கொண்டு போக வேண்டும். கச்சான் என்றால் உங்களுக்குத் தெரியும்தானே, மேற்கே வயற்பக்கமிருந்து கடலை நோக்கி அடிக்கும் சூட்டுக் காற்று. உதடு வெடிக்கும். கிணற்றில் வாளி அடிமண்ணைத் தொடும். கொடியில் போட்ட சேலை மறுபக்கம் திருப்புவதற்குள் காய்ந்து மொறுமொறுத்துவிடும்.

வாப்பாவுக்குச் சந்தைக்குள் ஒரு சில்லறைக் கடை இருந்தது. சீனியும் பருப்பும் கொச்சிக்காயும் சரையில் சுற்றிக் கொடுத்த காலம். சரைக்கு வேண்டிய பழைய கடதாசி கட்டுக்கட்டாக வரும். அப்படி வந்த ஒரு கட்டுக்குள்தான் அந்தப் புத்தகம் கிடந்தது. அட்டை இல்லை. முன்பக்கங்களும் இல்லை. வாப்பா கவனிப்பதற்குள் நடுவிலும் சில தாள்கள் கிழிபட்டு யார் யாரோ வீட்டுக்குச் சீனியோடு போயிருந்தன. மிச்சத்தைப் புரட்டியபோது வட்டம் வட்டமாகப் படங்கள் தெரிந்ததால், படிக்கிற பிள்ளை பார்க்கட்டும் என்று என் மூத்த சகோதரி ராத்தாவுக்குக் கொண்டுவந்து கொடுத்தார். அதன் பெயர் எனக்கு இன்றுவரை தெரியாது.

ராத்தா படிக்கிற பிள்ளைதான், ஆனால் அப்போது படிப்பு நின்றிருந்தது. கணக்கிலும் விஞ்ஞானத்திலும் அவளுக்கு நல்ல பெறுபேறு. மேலே விஞ்ஞானம் படிக்க வேண்டுமென்றால் பஸ் ஏறி வேறு ஊருக்குப் போகவேண்டும். “குமர்ப்புள்ளய பஸ்ஸுல விட ஏலா” என்று வாப்பா ஒரே சொல்லில் முடித்துவிட்டார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை, மழை வராது என்று சொல்வதுபோலச் சொன்னார். அப்படிச் சொன்னவரே புத்தகத்தையும் கொண்டுவந்து கொடுத்தார். நம் வாப்பாமார் அப்படித்தான், ஒரு கையால் கதவைச் சாத்திவிட்டு மறு கையால் யன்னலைத் திறந்துவிடுவார்கள்.

அந்தப் புத்தகத்தை எழுதியவர் வாசிக்கிறவரோடு கதைத்துக்கொண்டே போவார். “நீங்கள் இப்போது அசையாமல் உட்கார்ந்திருப்பதாக நினைக்கிறீர்கள். உங்கள் கதிரையும் வீடும் ஊரும் சேர்ந்து எவ்வளவு வேகத்தில் ஓடுகின்றன தெரியுமா?” என்று கேட்பார். ராத்தா அந்த இடங்களைச் சத்தமாக வாசித்துவிட்டுச் சிரிப்பாள். வீட்டில் அவளை எல்லோரும் ‘புள்ள’ என்றார்கள், மாப்பிள்ளை பேச வந்தவர்கள் ‘பொண்ணு’ என்றார்கள். அவளை ‘நீங்கள்’ என்று அழைத்தது அந்த ஒரு புத்தகம்தான்.

ஒரு நாள் காலையில் அடுப்படியிலிருந்த பூசணிக்காயைத் தூக்கிக்கொண்டுபோய் வளவு மூலையில் வைத்து, அதுதான் சூரியன் என்றாள். பூமி ஒரு மிளகு. அதை என் கையில் தந்து, கிணற்றையும் தாண்டி வேலி ஓரத்தில் நிற்கச் சொன்னாள். மற்றக் கிரகங்களுக்கு வளவு போதவில்லை, ஆகக் கடைசிக் கிரகத்தை அடுத்த ஊரான பாண்டிருப்பில் கோவிலடியில்தான் வைக்க வேண்டுமாம். அடுத்த நட்சத்திரம் எங்கே என்று கேட்டேன். அவள் நிலத்தில் குந்தியிருந்து குச்சியால் கணக்குப் போட்டாள். “மக்கத்துக்குப் போய்த் திரும்பி வாற தூரம் இரிக்கி” என்றாள். மிளகைப் பிடித்திருந்த என் கை வேர்த்துப்போனது. உம்மா வந்து சூரியனைத் தூக்கிக்கொண்டுபோய்ப் பகல் கறிக்கு வெட்டிவிட்டார்.

அட்டை இல்லாத புத்தகம் உப்புக் காற்றில் உதிர்ந்துவிடும் என்று அதற்கு உறை தைத்ததும் உம்மாதான். வீட்டில் ஓதுகிற மௌலூது கிதாபுக்கு உறை தைத்து மிஞ்சிய பச்சைச் சாட்டின் துண்டு பெட்டிக்குள் கிடந்தது. அதையே இதற்கும் தைத்தார். புத்தகம் வைக்க வேறு இடம் இல்லாததால், கிதாபுத் தட்டுக்குக் கீழ்த்தட்டில் வைத்தார். ஒரு தாய் ஒரு பொருளைக் காப்பாற்றச் செய்த வேலை, அவ்வளவுதான். அந்தப் பச்சைத் துணிதான் எங்கள் குடும்பத்தைப் பிடித்து ஆட்டியது.

அந்தக் கச்சானில் சாச்சா காணாமல் போனார். உம்மாவின் தங்கையைத்தான் நாங்கள் சாச்சி என்போம், அவர் புருசன் சாச்சா. ஒரே வளவுக்குள் இரண்டு வீடு, ஒன்று எங்களுடையது, மற்றது சாச்சியுடையது. சாச்சா கடற்றொழில். பிள்ளை இல்லாததால் எங்களைத்தான் தோளில் தூக்கித் திரிவார். அவருடைய சட்டையில் எப்போதும் எஞ்சின் எண்ணெய் மணக்கும். ஒரு நாள் மாலை இன்னும் இரண்டு பேரோடு போட்டில் போனவர் திரும்பவில்லை. எஞ்சின் நின்றிருக்கும், கச்சான் கரையை விட்டுத் தள்ளிக்கொண்டு போயிருக்கும் என்றார்கள். மற்றப் போட்டுகள் தேடிப்போய்த் திரும்பி வந்தன.

அப்படிப் போனவர்கள் திரும்பி வராமலும் இல்லை. முன்னொரு காலத்தில் ஒருவர் கிழக்கே எங்கோ ஒதுங்கி, இறந்தவருக்கென்று ஓதிச் சோறு கொடுக்கும் கத்தமும் முடிந்து மாதக்கணக்கில் கழித்து வீட்டு வாசலில் வந்து நின்று, “எனக்கு ஓதின கத்தத்துல மாட்டிறைச்சியா கோழியா ஆக்கின?” என்று கேட்டதாக நம் கரையில் ஒரு கதை உண்டுதானே. சாச்சி அந்தக் கதையை வருகிறவர்களிடமெல்லாம் சொல்லச் சொல்லிக் கேட்டார்.

பிறகு தெற்கே ஒரு பலகை கரையொதுங்கியது. நீலமும் மஞ்சளும் பூசிய பலகை, சாச்சாவின் போட்டுப் பலகைதான். அதை வளவுக்குள் கொண்டுவந்து வைத்தார்கள். சாச்சி அதைத் தொட்டுப் பார்த்தார், அழவில்லை. வாப்பா பள்ளிவாசல் ஆட்களோடு கதைத்துவிட்டு வந்து, கத்தம் ஓதிவிடுவோம், சாச்சி இத்தா இருக்கட்டும் என்று முடிவு சொன்னார். புருசன் மௌத்தானால் நான்கு மாதமும் பத்து நாளும் வெள்ளைச் சேலை உடுத்து, கழுத்துக் கருகமணியைக் கழற்றி, அறைக்குள் இருப்பதுதான் இத்தா. அது முடிந்தால் சாச்சிக்கு வேறொரு மாப்பிள்ளை பார்க்கலாம், வயதிருக்கிறது, பிள்ளையும் இல்லை. வாப்பா இரக்கத்தோடுதான் இதையெல்லாம் யோசித்தார் என்று இப்போது எனக்குத் தெரிகிறது.

“அவர் வருவார்” என்றார் சாச்சி.

“பலகையப் பாத்த பொறகுமா?” என்று உம்மா அழுதார்.

“வருவார் ராத்தா.”

“பாவம், மூள கலங்கிட்டு” என்று வந்திருந்த பெண்கள் குசுகுசுத்தார்கள். வெள்ளைச் சேலை மடித்தபடி கட்டிலில் கிடந்தது.

ஏதாவது தொலைந்தால், யாராவது காணாமல் போனால், பள்ளிவாசல் லெப்பையிடம் போய்ப் பால் என்று குறி பார்ப்பது அப்போது வழக்கம். முகம் கைகால் கழுவி வுழூச் செய்துகொண்டு, பிஸ்மி சொல்லி, கண்ணை மூடிப் பால் கிதாபை விரித்து விரலை வைக்க வேண்டும். விரல் பட்ட இடத்தை லெப்பை வாசித்துப் பலன் சொல்வார். அந்தக் கிழமை லெப்பை ஊரில் இல்லை, மகளைப் பார்க்கப் போயிருந்தார்.

மறுநாள் அஸர் தொழுகை முடிந்ததும் சாச்சி மறுபடி வுழூச் செய்துகொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். நானும் ராத்தாவும் பாயில் இருந்தோம். சாச்சியின் முகத்திலும் கையிலும் வுழூத் தண்ணீர் காயவில்லை. பின்னாலேயே உம்மாவும் அயல்பெண்கள் சிலரும் வந்து கதவடியில் நின்றார்கள். சாச்சி கீழ்த்தட்டிலிருந்த பச்சை உறைப் புத்தகத்தை எடுத்து ராத்தாவின் மடியில் வைத்தார்.

“பாத்துச் செல்லு மகள்.”

“சாச்சி, இது கிதாபு இல்ல. விஞ்ஞானப் புத்தகம். வெள்ளி, சூரியன், அதுகளப் பத்தினது.”

“வானத்தப் பத்தினதுதானே? அதுதான் எனக்கும் வேணும்.”

“இதுல சாச்சாவப் பத்தி ஒண்டும் இரிக்காது சாச்சி.”

“நான் விரல வைக்கன். நீ இரிக்கிறத வாசி. உனக்குப் பாவம் ஒண்டும் வராது.”

அவர் கண்ணை மூடி, பிஸ்மி சொல்லி, புத்தகத்தை விரித்து விரலை வைத்தார். வால்வெள்ளியைப் பற்றிய பக்கம். விரல் பக்கத்தின் அடியில் இருந்தது. ராத்தா உம்மாவைப் பார்த்தாள். வேறு வழியில்லாமல் ராத்தா வாசித்தாள்.

“அது நம் கண்ணுக்கு எட்டாத தூரத்துக்குப் போய்விடுகிறது. காணவில்லையே என்று நீங்கள் கவலைப்பட வேண்டாம். காணாமற் போவது வேறு, இல்லாமற் போவது வேறு. இருளுக்குள் அது தன் பாதையில் போய்க்கொண்டுதான் இருக்கிறது. அது திரும்பி வரும்.”

அதோடு நிறுத்திவிட்டாள். ஆனால் பக்கம் அதோடு முடியவில்லை. எழுத்துக்கூட்டி வாசிக்கும் வயதில் அவள் தோளோடு ஒட்டியிருந்த எனக்கும் அது தெரிந்தது. கடைசியில் இன்னுமொரு சொல் இருந்தது. ‘ஆனால்’ என்ற சொல். சாச்சியின் விரல் அதைப் பாதி மறைத்திருந்தது. அடுத்த தாள் இல்லை, அது எப்போதோ சீனி சுற்றப் போயிருந்தது.

சாச்சி கண்ணைத் திறந்தார். “கேட்டீங்களாகா?” என்று கதவடியைப் பார்த்தார். எழுந்து தன் வீட்டுக்குப் போய்க் கட்டிலில் கிடந்த வெள்ளைச் சேலையை எடுத்துப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார். சாச்சிக்கு எழுத்துத் தெரியாது என்பது வீட்டில் எல்லோரும் அறிந்த விசயம்.

அன்று பின்னேரமே ராத்தா சாச்சியிடம் ஓடினாள். வால்வெள்ளி என்றால் என்ன, அது ஏன் திரும்புகிறது, சூரியனின் இழுவை என்றால் என்ன என்று படம் கீறிச் சொன்னாள். சாச்சி பொறுமையாகக் கேட்டுவிட்டு, “எனக்கு விளங்கிட்டு மகள், நீ போ” என்றார். திரும்பி வந்த ராத்தா பாயில் குப்புறப் படுத்து அழுதாள். நான் பக்கத்தில் இருந்து அவள் பின்னலைப் பிடித்துக்கொண்டிருந்தேன். வேறு என்ன செய்ய முடியும்?

அதற்குப் பிறகு ஊர் எங்களை விடவில்லை. காணாமல் போன ஆட்டுக்கும் தோட்டுக்கும் பெண்கள் வந்தார்கள். “எனக்கு ஒண்டும் தெரியா, இது அந்தக் கிதாபு இல்ல” என்று ராத்தா கையெடுத்துக் கும்பிடாத குறையாகச் சொல்வாள். “விசயம் தெரிஞ்ச ஆக்கள் இப்பிடித்தான் தெரியா எண்டு செல்லுவாங்க” என்று அவர்கள் உட்கார்ந்துகொள்வார்கள்.

லெப்பை ஊர் திரும்பியதும் வாப்பா அவரை அழைத்து வந்தார். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் புரட்டினார். “இது நம்மட கிதாபு இல்ல” என்றார். எங்களுக்கு மூச்சு வந்தது. “ஆனா அல்லாஹ்ட படைப்பப் பத்தித்தானே எழுதி இரிக்கி, இதுல பிழையா ஒண்டும் இல்ல” என்றும் சொல்லிவிட்டார். அதோடு இன்னும் பத்துப் பெண்கள் கூடினார்கள். சாச்சியைப் பற்றிக் கேட்டபோது, “மையத்து ஒண்டும் கரையொதுங்கல்லத்தானே. பொறுத்திரிக்கட்டும்” என்றார். வாப்பாவால் அதற்குமேல் கதைக்க முடியவில்லை. கத்தம் நின்றது, இத்தாவும் நின்றது.

ஆனால் குமர்ப்பிள்ளை பால் பார்க்கிறாள் என்ற பேச்சு மாப்பிள்ளை வீடுகளுக்குப் போகத் தொடங்கியது. ஒரு காலையில் கீழ்த்தட்டில் பச்சை உறை மட்டும் வெறுமையாகக் கிடந்தது. வாப்பா புத்தகத்தைக் கடைக்கே கொண்டுபோய்விட்டார். அது சரையாகிப் போனது. கொஞ்ச நாளில் ஒரு வீட்டுத் தொட்டிலில் சனிக்கிரகத்தின் படம் கட்டித் தொங்கியதை நானே பார்த்தேன். இன்னொரு வீட்டில் சந்திரனைப் பற்றிய பாதிப் பக்கம் நிலைக்கு மேலே ஒட்டியிருந்தது. பருப்பு சுற்றி வந்ததாம், பரக்கத்துக்காக வைத்துக்கொண்டார்களாம். ராத்தா போன வீடுகளிலெல்லாம் அடுப்படியில் கிடக்கும் கடதாசியை எடுத்து விரித்துப் பார்ப்பாள். அந்த ‘ஆனால்’ எங்கே போய்த் தொடர்கிறது என்று அவளுக்குத் தெரிய வேண்டும். அந்தத் தாள் கிடைக்கவே இல்லை.

சாச்சி காத்திருந்தார். இடியப்பம் அவித்து விற்றுச் சீவித்தார். இரண்டு தடவை மாப்பிள்ளை வந்தது. “நான் புருசன் உள்ள பொம்புள” என்று கருகமணியைக் காட்டித் திருப்பி அனுப்பினார். பலகை அவர் வீட்டு மூலையில் நின்றது. சுனாமி அன்று அது போனது, பச்சை உறையும் போனது, இரண்டு வீடும் போயின. கடலைக் கண்டு சாச்சி ஓடாமல் நின்றார் என்று சிலர் கதை கட்டினார்கள். பொய். எங்கள் எல்லோருக்கும் முன்னால் ஓடியவர் அவர்தான்.

ராத்தாவுக்கும் கலியாணம் நடந்தது, பிள்ளைகள் பிறந்தார்கள். நல்ல வாழ்க்கைதான். ஆனால் சாச்சியின் கழுத்தைப் பார்க்கும்போதெல்லாம் அவள் தலை குனிந்துவிடும். “ஒரு சொல்லத்தான் முழுங்கின. ஒரு ஆளுட சீவியம் போயிட்டே” என்பாள். ஒரு முறை எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன் என்று போனாள். போனவள் இடியப்பத்தோடு திரும்பி வந்தாள். “செல்ல வாய் வரல்ல” என்றாள். நோயில் கிடந்த கடைசி நாட்களிலும் அதைத்தான் புலம்பினாள். சாச்சி வந்து அவள் காலைத் தடவிக்கொண்டிருப்பார், அவள் சுவரைப் பார்த்துப் படுத்திருப்பாள். ராத்தா மௌத்தாகி இப்போது சில வருசமாகிறது.

புதுப் புத்தகத்தில் வால்வெள்ளி பாகத்தை வாசித்தேன். சில வால்வெள்ளிகள் திரும்பி வரும், சில ஒரே ஒரு தடவை வந்துவிட்டுத் திரும்பாமலே போய்விடும், சில சூரியனுக்குக் கிட்டப் போய் உடைந்து சிதறிவிடும் என்று எழுதியிருந்தது. ‘ஆனால்’ என்பதற்குப் பின்னால் இதுதான் இருந்திருக்க வேண்டும். ராத்தா ஊரெல்லாம் தேடிய தாள், ஒரு கடைத்தட்டில் அட்டை போட்டு யாருக்கும் வேண்டாமல் கிடந்திருக்கிறது. எனக்கு யாரோடு கோபிப்பது என்றே தெரியவில்லை. அவளுக்காக நானாவது சொல்லிவிடுகிறேன் என்று புத்தகத்தை எடுத்துக்கொண்டு சாச்சியிடம் போனேன்.

சாச்சி யன்னலோரம் கட்டிலில் இருந்தார். வயது நன்றாகப் போய்விட்டது, சில நாள் ஆட்களை இன்னாரென்று மட்டுக்கட்டுவார், சில நாள் மாட்டார். அன்று என்னை மட்டுக்கட்டினார்.

“சாச்சி, அண்டைக்கு ராத்தா வாசிச்ச பக்கத்துல இன்னமொரு சொல்லு இரிந்திச்சி.”

“ஆனால்” என்றார் சாச்சி.

புத்தகத்தைக் கட்டிலில் வைத்தேன்.

“என்ட விரல் எதுக்கு மேல இரிந்த எண்டு நினைக்கா? அவள் வாசிச்சி முடிக்கக்குள்ளயே நான் கண்ணத் துறந்துட்டன். அந்தச் சொல்லுத்தான் முதல்ல தெரிஞ்ச.”

“உங்களுக்கு எழுத்துத் தெரியாதே சாச்சி?”

“கலியாணம் முடிச்ச வருசம் உங்கட சாச்சாதான் காட்டித் தந்த. ஒருத்தரும் கேக்கல்ல, நானும் செல்லல்ல.”

“அப்ப ஏன்? வருவார் எண்டு நம்பினீங்களா?”

“பலகையப் பாத்தண்டைக்கே எனக்குத் தெரியும் மகள். தெரியிறது வேற. அந்த வெள்ளச் சேலைய உடுக்கிறது வேற. என்னால ஏலாம இரிந்திச்சி. நான் செல்லக்குள்ள மூள கலங்கிட்டு எண்டாங்க. கிதாபு செல்லிச்சி எண்டதும் வாயப் பொத்திக்கிட்டாங்க.” கருகமணியை விரலால் உருட்டிக்கொண்டு சிரித்தார். “உன்ட ராத்தா அந்தச் சொல்ல விட்டாளே, அதாலதான் நான் என்ட நினைப்புப்படி இரிந்த. அல்லாஹ் அவளுக்கு நல்லதச் செய்யட்டும்.”

என் ராத்தா ஆயுள் முழுவதும் சுமந்ததை நினைத்தேன். எனக்கு வாய்விட்டுக் கத்த வேண்டும்போல இருந்தது. இந்த ஒரு பேச்சு அவள் காதில் விழுந்திருந்தால் போதுமே. ஒரே வளவுக்குள் இருந்த இரண்டு பேர், ஒருவரை ஒருவர் நோகாமல் பார்த்துக்கொண்டே காலத்தைக் கழித்துவிட்டார்கள்.

சாச்சி வாசல் பக்கம் எட்டிப் பார்த்தார்.

“அவள் எங்க? உன்னோட வரல்லயா?”

நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

“சந்தைக்குப் போயிட்டாளாக்கும். வந்தா செல்லு மகள், சாச்சிக்கு அந்தச் சொல்லு அண்டைக்கே தெரியும் எண்டு. அவள் என்னைய எப்பப் பாத்தாலும் தலையக் குனியிற, எனக்குச் சரியான கவல.”

“ஓம் சாச்சி” என்றேன். “வந்தா செல்றன்.”

சாச்சி தலையாட்டிவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார். நானும் பக்கத்தில் இருந்து வாசலைப் பார்த்தேன்.